தண்ணீர் வராத தொட்டியும் பார்க்கர் துரையும்

காலை எட்டரை மணிக்கு என் மாணவிகள் ஒரு பொம்மையிடம் பெயர் கேட்கிறார்கள். ஊரிலிருந்து இதைப் படிக்கிறவர்கள் நான் விளையாட்டுக்குச் சொல்வதாக நினைக்க வேண்டாம். மலாய் நாட்டின் கோலா சிலாங்கூர் பட்டணத்துக் கடை வரிசை ஒன்றின் மாடியில் இருக்கிறது நான் பாடம் எடுக்கும் தனியார் தாதியர் கல்லூரி. நாம் நர்ஸ் என்பதை இங்கே எழுத்தில் தாதி என்பார்கள். கீழே ஒரு பாய் கடை, முஸ்லிம்கள் நடத்தும் சாப்பாட்டுக் கடை. பக்கத்துக் கட்டடத்தின் மேல்மாடியில் ஆளே கிடையாது; சூப்புக்கு நல்ல விலைபோகும் கூடு கட்டும் குருவிகளை வரவழைப்பதற்காக ஒலிபெருக்கியில் நாளெல்லாம் கீச்சொலியை ஓட விட்டிருக்கிறார்கள். அந்தப் பொய்க் குருவிச் சத்தத்துக்கு நடுவில் எங்கள் பொய் நோயாளி, கழுத்துவரை போர்த்திக்கொண்டு, கூரையைப் பார்த்தபடி படுத்திருப்பார். பெயர் மிஸ்டர் பார்க்கர். பொம்மையோடு கப்பலில் வந்த பாடப் புத்தகத்தில் அப்படித்தான் அச்சடித்திருக்கிறது, அதனால் அதை மாற்ற யாருக்கும் தைரியம் இல்லை.

'குட் மார்னிங், ஐ ஆம் யுவர் நர்ஸ் டுடே. மே ஐ ஹேவ் யுவர் நேம் ப்ளீஸ்?' என்று ஒரு மாணவி குனிந்து கேட்டாள். நான் வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் அது. பொம்மை பேசவில்லை. நானும் பேசவில்லை. அவள் குனிந்த நிலையிலேயே காத்திருந்தாள். வகுப்பே என்னைப் பார்த்தது. பிறகு பின்னாலிருந்து ஒருத்தி இரக்கப்பட்டுச் சொன்னாள்: "மிஸ், நீங்கதான் பார்க்கர். பதில் சொல்லுங்க மிஸ். இல்லாட்டி அவ அடுத்த ஸ்டெப்புக்குப் போவ முடியாது." பரமக்குடிப் பக்கத்தில் பிறந்து, கடல் தாண்டிச் சேலையும் கட்டிக்கொண்டு வந்த நான், அன்றிலிருந்து தினமும் ஒரு வெள்ளைக்காரக் கிழவனாக இருமிக்கொண்டு, 'யெஸ், ஐ ஆம் பார்க்கர்' என்று சொல்லி வருகிறேன். இந்தப் பிள்ளைகளின் பாட்டனார்கள் தோட்டத்தில் நிஜத் துரைக்குத் தொப்பியைக் கழற்றி நின்றார்கள். பேத்திகள் பிளாஸ்டிக் துரையின் புண்ணுக்குக் கட்டுப் போடுகிறார்கள். இதற்கு முன்னேற்றம் என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

பெயர் கேட்டு முடித்ததும் கை கழுவ வேண்டும். அறையின் மூலையில் பளபளவென்று எஃகுத் தொட்டி இருக்கிறது. முழங்கையால் திறக்கும் நீண்ட பிடி வைத்த குழாய். திறந்தால் ஒன்றும் வராது, ஏனென்றால் சுவருக்குப் பின்னால் குழாய் இணைப்பே கிடையாது. விளம்பரப் படம் எடுப்பதற்காக வைத்த தொட்டி அது. மாணவிகள் அதன் முன்னால் நின்று, 'நவ் ஐ வாஷ் மை ஹேண்ட்ஸ்' என்று உரக்கச் சொல்லி, உள்ளங்கை, புறங்கை, விரலிடுக்கு என்று ஒரு படியும் தவறாமல் காற்றில் கையைத் தேய்ப்பார்கள். சொன்னால் மதிப்பெண். சொல்லாமல் விட்டால் மதிப்பெண் போச்சு. அடுத்தது கையுறை. பருவம் முழுவதற்கும் ஆளுக்கு ஒரே ஜோடி. போட்டுக் கழற்றி, பவுடர் தூவி, டப்பாவில் மடித்து வைத்து, மறுநாள் அதையே எடுத்து, 'ஸ்டெரைல் கிளவ்ஸ்' என்று அறிவித்து மாட்டிக்கொள்வார்கள். பார்க்கருக்குத்தான் சீழ் பிடிக்கப் போவதில்லையே.

நான் படித்த இடத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். இல்லையென்றால் இவளுக்கு ஊர்ப் பெருமை தலைக்கேறிவிட்டது என்பீர்கள். தென் மாவட்டத்து அரசு மருத்துவமனை ஒன்றில்தான் நான் தொழில் கற்றேன். அங்கே பொம்மை கிடையாது. ஊசி போட ஆரஞ்சுப் பழம், கட்டுக் கட்டப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் தோழியின் கால், அவ்வளவுதான் கருவிகள். ஆனால் வார்டு சிஸ்டர் ஒருவர் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். உள்ளே நுழைகிற ஒவ்வொருத்தியும் கையை நீட்ட வேண்டும். அவர் முகர்ந்து பார்ப்பார். சோப்பு வாசனை இல்லையென்றால் எல்லோர் எதிரிலும் எங்கள் பிறப்பு வளர்ப்பு எல்லாவற்றையும் ஒரு பிடி பிடிப்பார். புறங்கை வெடித்து எரிச்சல் எடுக்கும்வரை கழுவினோம். இன்றைக்கும் தண்ணீரைக் கண்டால் என் கை தானாக நீளும்.

கை சுத்தம், வாய்தான் சுத்தமில்லை. அந்த வார்டில் யாருக்கும் பெயர் கிடையாது, கட்டில் எண்தான். 'ஏய் பன்னெண்டு, திரும்பிப் படு' என்போம். எதற்கு ஊசி என்று கேட்டால், 'சொன்னா நீ போட்டுக்குவியா?' என்போம். வலிக்கிறது என்றால், 'புண்ணுன்னா வலிக்காம வேற என்ன செய்யும்?' என்போம். நோயாளியிடம் பேசுவது எங்கள் பாடத்திட்டத்தில் எந்தப் பக்கத்திலும் இல்லை. அதைப் பெரிய குறையாக நாங்களும் நினைக்கவில்லை. பொம்மையிடம் நயமாகப் பேசும் இந்த நாட்டையும், மனிதர்களைப் பொம்மையாக வைத்திருந்த அந்த நாட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எதன்மேல் காறித் துப்புவது என்று தெரியவில்லை.

தொட்டிக்குத் தண்ணீர் வேண்டும் என்று சேர்ந்த வாரமே கல்லூரி உரிமையாளரிடம் கேட்டேன். குணாளன் என்று பெயர். கல்லூரி தொடங்குவதற்கு முன்னால் டியூஷன் சென்டர் நடத்தியவர். டை கட்டாமல் அவரை யாரும் பார்த்ததில்லை. "மிஸ் சுசீலா, நீங்க இன்னும் இந்தியா ஸ்டைல்லயே யோசிக்கிறீங்க லா. இப்பல்லாம் வெர்பலைஸ் பண்ணா போதும். வாயால சொன்னா செஞ்ச மாதிரி. ஓவர்சீஸ்ல எல்லாம் அப்படித்தான்" என்றார். அப்படியானால் என் சம்பளத்தையும் வாயால் சொல்லிவிட்டு அனுப்பிவிடுவாரா என்று கேட்க நாக்கு துடித்தது. வேலை அனுமதிச் சீட்டு அவர் கையெழுத்தில் இருப்பதால் நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

தண்ணீர் தராதவர் எனக்குப் பயிற்சி தந்தார். ஷா ஆலாமில் ஒரு ஹோட்டலில், சுகாதாரக் கல்வியாளர்களுக்கான நவீன கற்பித்தல் முறைகள் என்று ஒரு பட்டறை. காதோடு ஒட்டிய மைக் வைத்த ஓர் இளைஞர் எங்களை வட்டமாக நிற்க வைத்து, கம்பளி நூல் உருண்டையை ஒருவர்மேல் ஒருவர் வீசச் சொன்னார். நாம் எல்லோரும் பின்னிப் பிணைந்திருக்கிறோம் என்று இதிலிருந்து தெரியவருமாம். எனக்குத் தெரியவந்ததெல்லாம் அந்த நூலைப் பிரிக்கத் தேநீர் இடைவேளை முழுவதும் போதாது என்பதுதான். பிறகு ஆளுக்கொரு மஞ்சள் ஒட்டுத்தாள் கொடுத்து, நல்ல ஆசிரியருக்குத் தேவையானதை ஒரே சொல்லில் எழுதச் சொன்னார். ஒருவர் மரம் என்று எழுதினார். ஒருவர் பாலம் என்று எழுதினார். நான் தண்ணீர் என்று ஆங்கிலத்தில் எழுதி ஒட்டினேன். அவர் அதைப் பிடுங்கிக் கூட்டத்துக்குக் காட்டினார். நீரைப்போல எந்தப் பாத்திரத்திலும் நெகிழ்ந்து நிறைய வேண்டும் என்று இந்தச் சகோதரி எவ்வளவு ஆழமாகச் சொல்கிறார் பாருங்கள் என்றார். இல்லை, எனக்குக் குழாயில் வரும் தண்ணீர் வேண்டும் என்றேன். எல்லோரும் கைதட்டினார்கள். சான்றிதழும் கொடுத்தார்கள்.

எங்கள் வகுப்பில் தர்ஷினி என்றொரு பெண். கட்டுக் கட்டும் பாடத்தில் எனக்கு முன்பிருந்த விரிவுரையாளரிடம் முழு மதிப்பெண் வாங்கியவள். ஈஜோக் சாலையில் ஒரு செம்பனை, அதாவது எண்ணெய்ப்பனைத் தோட்டத்து வீட்டிலிருந்து தினமும் பஸ் பிடித்து வருவாள். ஒரு நாள் வகுப்பு முடிந்து எல்லோரும் போன பிறகும் நின்றாள். அவள் அப்பா கோவிந்தன் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டுகிறவர். சர்க்கரை வியாதி, இங்கே இனிப்புநீர் என்பார்கள். வேலைக்குப் போடும் ரப்பர் பூட்ஸ் உரசி வலது கால் பெருவிரலுக்குக் கீழே புண்.

"டெய்லி நான்தான் மிஸ் டிரஸ்ஸிங் பண்றேன். ஒரு ஸ்டெப்பும் விடல. ஆனா ஆறவே மாட்டேங்குது. அடுத்த தடவ வரும்போதும் இப்படியே இருந்தா பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பிருவேன்னு கிளினிக் டாக்டர் சொல்லிட்டாரு. அங்க போனா கால எடுத்துருவாங்கன்னு அப்பா பயப்படறாரு மிஸ்."

வலது கால் போனால் லோரி போகும். லோரி போனால் அந்த வீட்டில் அடுப்பு எப்படி எரியும் என்பதை அவள் சொல்ல வேண்டியதில்லை. இவ்வளவு சுத்தமாகப் படித்தவள் கட்டியும் ஏன் ஆறவில்லை என்று எனக்கும் பிடிபடவில்லை. ஞாயிற்றுக்கிழமை வருவதாகச் சொன்னேன்.

தோட்டத் தொழிலாளர்களின் பழைய லயங்களை இடித்துவிட்டுக் கட்டிய சின்னச் சின்ன வரிசை வீடுகளில் அவர்களுடையது ஓரத்து வீடு. "வாங்க டீச்சர், பசியாறிட்டீங்களா?" என்று கோவிந்தன் நாற்காலியிலிருந்தே எழ முயன்றார். காலை உணவைத்தான் கேட்கிறார் என்பது எனக்கு இப்போது தெரியும். வந்த புதிதில் ஒருவர் இப்படிக் கேட்டபோது, பட்டினி கிடந்து வந்தவள் என்று நினைக்கிறாரோ என்று முகம் சுண்டிப்போனேன். அவர் மனைவி பின்கட்டில் அரிசி களைந்துகொண்டிருந்தார். தண்ணீர் கொட்டும் சத்தம் கூடம்வரை கேட்டது.

தர்ஷினி ஸ்டூலைப் போட்டு அப்பாவின் காலைத் தூக்கி வைத்தாள். சுத்தமான துணி விரித்தாள். அப்புறம் நிமிர்ந்து நின்று, கல்லூரிக் குரலில் தொடங்கினாள்.

"வணக்கம். நான் தர்ஷினி, இன்னைக்கு உங்கள பாத்துக்கிற நர்ஸ். உங்க பேரும் பொறந்த தேதியும் சொல்லுங்க."

கோவிந்தன் சட்டைப் பொத்தானைச் சரிசெய்துகொண்டார். "கோவிந்தன், அப்பா பேரு மாரிமுத்து" என்று தொடங்கி, பிறந்த தேதிவரை பள்ளிக்கூடப் பையன்போலச் சொன்னார். முகத்தில் ஒரு பெருமை. எனக்குக்கூடச் சிரிப்பு வந்தது. நான் நடிக்கிற பார்க்கரைவிட இவர் நல்ல பார்க்கர்.

"இப்ப நான் கைய கழுவுறேன்" என்றாள் தர்ஷினி. கைகளை மார்புக்கு நேரே உயர்த்திக் காற்றில் தேய்த்தாள். உள்ளங்கை, புறங்கை, விரலிடுக்கு, கட்டைவிரல், நகக்கண். பின்கட்டில் தண்ணீர் கொட்டிக்கொண்டே இருந்தது. அவள் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. பிறகு ஒரு பிஸ்கட் டின்னைத் திறந்து, பவுடர் தூவி மடித்து வைத்திருந்த ஒரு ஜோடி கையுறையை எடுத்தாள். விரல் நுனிகளில் பழைய மருந்தின் மஞ்சள் கறை. "ஸ்டெரைல் கிளவ்ஸ் போடுறேன்" என்று சொல்லி மாட்டினாள். அலமாரியில் கிளினிக் கொடுத்த புதுக் கையுறைப் பொட்டலங்கள் பிரிக்காமல் அடுக்கியிருந்தன.

"தர்ஷினி, கையைக் கழுவினியா?" என்றேன்.

"கழுவிட்டேன் மிஸ். சொன்னேனே."

அவள் பொய் சொல்லவில்லை. சோம்பேறிப் பெண்ணாக இருந்தால் நாலு வார்த்தை திட்டிவிட்டு வந்திருப்பேன். இவள் எதையுமே விடாதவள், கற்றுக் கொடுத்ததை எழுத்துப் பிசகாமல் செய்கிறவள். சாப்பிடும் முன் கை கழுவுகிற அதே பெண்தான், சீருடைக் குரல் வந்ததும் தண்ணீரை மறந்துவிடுகிறாள். தண்ணீர் இல்லாத அறையில் கற்ற தொழிலில் தண்ணீருக்கு இடமில்லை. நல்ல மாணவியைப் போல ஆபத்தானவர் எவரும் இல்லை என்று அன்றைக்குத் தோன்றியது.

நான் எழுந்து பின்கட்டுக்குப் போய்க் கையைக் கழுவினேன். அவளையும் இழுத்துப் போய்க் கழுவ வைத்தேன். புதுப் பொட்டலத்தைப் பிரித்துக் கட்டை அவிழ்த்துப் பார்த்தபோது பெருவிரல் நிறம் மாறியிருந்தது. வாடையும் அடித்தது. அடுத்த சந்திப்புவரை காத்திருக்க வேண்டாம், இப்போதே கிளம்புங்கள் என்றேன். பக்கத்து வீட்டுக் காரில் பெரிய மருத்துவமனைக்குப் போனோம். பெருவிரலையும் அதற்கடுத்ததையும் எடுத்தார்கள். பாதம் தப்பியது. இனிப்புநீர், பூட்ஸ், தாமதம் என்று மருத்துவர் காரணங்களை அடுக்கினார். பிஸ்கட் டின்னைப் பற்றி அவருக்குத் தெரியாது. தர்ஷினி வராந்தாச் சுவரில் சாய்ந்து, "என்னாலயா மிஸ்?" என்று கேட்டாள். உன்னால் இல்லை என்று சொன்னால் அவள் நம்பமாட்டாள், உன்னால்தான் என்று சொன்னால் நான் மனுஷியே இல்லை. "உனக்குத் தொட்டி வெச்சுத் தண்ணி குடுக்காம விட்டவனால" என்றேன். அழுதுகொண்டே கேட்டாள். புரிந்ததா என்று தெரியாது.

அடுத்த வாரம் அங்கீகாரக் குழு வருவதாக இருந்தது. கல்லூரியில் திரைச்சீலைகளைத் துவைத்தார்கள், பார்க்கரின் முகத்தை எண்ணெய் போட்டுத் துடைத்தார்கள். நான் குணாளனிடம் மறுபடி போகவில்லை. குழு வரும் அன்று காலை கீழே பாய் கடைக்குப் போனேன். கடைக்காரரின் தாத்தா கீழக்கரையிலிருந்து வந்தவராம். பாதிப் பேச்சு முடிவதற்குள், "தண்ணிதானே மிஸ்? இதுக்கா இவ்வளவு யோசிக்கிறீங்க?" என்று தட்டுக் கழுவும் இடத்திலிருந்து பச்சை நிற ரப்பர்க் குழாயை மாடிப்படி வழியாக மேலே ஏற்றிவிட்டார். எஃகுத் தொட்டிக்கு முதல்முறையாகத் தண்ணீர் வந்தது. ஓட்டை வழியாக இறங்கித் தரையெல்லாம் பரவியது, ஏனென்றால் அதற்கு வெளியேறும் குழாயும் கிடையாது. அடியில் வாளி வைத்தோம். மாணவிகள் சோப்புப் போட்டுக் கழுவியதைப் பார்த்து, நான் என் பழைய வார்டு சிஸ்டரைப் போல வாசலில் நின்று ஒவ்வொரு கையாக முகர்ந்தேன். திட்டவில்லை. அதை மட்டும் ஊரிலேயே விட்டுவிட்டேன்.

குழு உள்ளே வந்தபோது தரை ஈரம், படியெல்லாம் ரப்பர்க் குழாய். குணாளன் என்னைப் பார்த்த பார்வையிலேயே என் விமானச் சீட்டு தெரிந்தது. குழுவின் தலைவி ஒரு மலாய் அம்மாள். குனிந்து குழாயைத் தொட்டுப் பார்த்தார். 'பாகுஸ், பாகுஸ்' என்று பாராட்டிவிட்டு, குறைந்த செலவில் புத்தாக்கக் கற்பித்தல் வளம் என்று ஏதோ எழுதிக்கொண்டார். குணாளன் அந்த நிமிடமே, இது எங்களுடைய நெடுநாள் திட்டம் என்றார். மறுவாரம் ஒரு ஆள் வந்து அரை நாளில் இணைப்புக் கொடுத்துவிட்டுப் போனார். இப்போது தொட்டிக்கு மேலே 'ரியல் வாட்டர் லேர்னிங் ஸ்டேஷன்' என்று பலகை தொங்குகிறது. விளம்பரத்தில் கைகழுவும் மாணவிக்குப் பக்கத்தில் குணாளன் சிரிக்கிறார். பாய் கடைக்காரருக்கு அழைப்பிதழ்கூடப் போகவில்லை. எனக்குக் கிடைத்தது இன்னொரு பட்டறை.

கோவிந்தன் வீட்டுக்கு மறுபடி போனேன். லோரிக்காரர்கள் அவருக்குத் தோட்ட எடைமேடையில் உட்கார்ந்த வேலை பார்த்துக் கொடுத்திருந்தார்கள். புண் உலர்ந்து வந்தது. தர்ஷினி ஒரு வார்த்தை பேசாமல் பின்கட்டுக்குப் போனாள், சோப்புப் போட்டுக் கழுவினாள், புதுக் கையுறை போட்டாள், கட்டை அவிழ்த்தாள்.

"என்னாம்மா, இன்னைக்கும் பேரு கேக்கல?" என்றார் கோவிந்தன்.

"அதெல்லாம் சும்மா பரீட்சைக்குப்பா."

"எத்தன கிளினிக்கு, எத்தன ஆஸ்பத்திரி போயிருப்பேன் டீச்சர். நம்பர கூப்பிடுவாங்க, காட்டுனா மருந்து குடுப்பாங்க. எம் முன்னால நின்னு மரியாதையா பேரு கேட்டது இவ ஒருத்திதான். வெரல் போனதுலேருந்து கேக்கறதில்ல."

தர்ஷினி தலை குனிந்துகொண்டாள். பார்க்கர் துரையோடு சேர்த்து நான் குப்பையில் போட நினைத்த பெயர் கேட்கும் வழக்கம் அவருக்கு எவ்வளவு வேண்டியிருந்தது என்று தெரிந்து எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. "கேளு தர்ஷினி" என்றேன். அவள் கேட்டாள். அவர் அப்பா பேரோடு சேர்த்துச் சொன்னார்.

போன விடுமுறைக்கு ஊருக்குப் போனபோது, நான் படித்த அந்த மருத்துவமனைக்கும் போனேன். என்னோடு படித்த மேரி இப்போது அங்கே வார்டு சிஸ்டர். அவள் வேலையாக இருக்க, நான் வார்டுக்குள் நுழைந்ததும் கை தானாகக் குழாயைத் திறந்தது. ஈரத்தை உதறியபடி திரும்பினால் ஒரு வயதான அம்மாள் பார்த்துக்கொண்டிருந்தார். வாயும் தானாகத் திறந்தது. "வணக்கம்மா, நான் சுசீலா. உங்க பேரைச் சொல்லுங்க."

அவர் முகம் வெளுத்துவிட்டது. "ஏம்மா, பேரெல்லாம் கேக்குற? எதாச்சும் ஆயிப்போச்சா?"

ஒன்றும் ஆகவில்லை, சும்மாதான் என்று அவரை நம்பவைக்கப் பெரும்பாடு பட்டேன். கடைசியில் பஞ்சவர்ணம் என்று காதோடு சொன்னார். பிறகு என்னை மேலும் கீழும் பார்த்து, "நீ இந்த ஊருப் புள்ள மாதிரி இல்லையே, எந்த ஊரு?" என்றார். பதினைந்து மைல் தள்ளிப் பிறந்தவள் நான்.

அதற்குள் வாசல் நாற்காலியிலிருந்து மேரி கத்தினாள்: "சுசீ, பன்னெண்டுக்கு ஊசி போட்டாச்சான்னு கேளு!"

கட்டில் எண்ணையும் ஊசிக் குறிப்பையும் பார்த்துவிட்டு, "பஞ்சவர்ணம்மாவுக்கு இன்னும் போடலை" என்றேன்.

"அது யாரு?" என்றாள் மேரி.

நான் பதில் சொல்வதற்குள் பஞ்சவர்ணம் அவசரமாகக் கையைத் தூக்கி, "பன்னெண்டு நாந்தேன் தாயி" என்றார். என் விரல்களிலிருந்து அவர் போர்வையில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.